வராந்தாவிலேயே முடிந்துவிடுகிறது வழக்கு

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். காதலித்துக் கல்யாணம் செய்துகொண்ட மகளை மீட்டுத் தரச் சொல்லி அப்பாவும், கோபித்துக்கொண்டு தாய்வீடு போன மனைவியை வரவழைக்கக் கணவரும் ஆட்கொணர்வு மனு போடும் செய்திகள் உங்கள் நாளிதழில் அடிக்கடி வருகின்றன. மகளிர் தலைமைக் காவலராக இருந்து ஓய்வு பெற்றவள் நான். ஒருவரைச் சட்டவிரோதமாக அடைத்து வைத்திருக்கிறார்கள், கோர்ட்டில் கொண்டுவந்து நிறுத்துங்கள் என்று கேட்கும் இந்த மனுவை நாங்கள் சுருக்கமாக ஹெச்.சி.பி. என்போம். அப்படி ஒன்று வந்திருப்பதாக ஸ்டேஷனுக்குத் தகவல் வந்தால், பெண்ணைக் கண்டுபிடித்துக் கோர்ட்டுக்குக் கூட்டிப்போகும் வேலை பெரும்பாலும் எங்கள் தலையில்தான் விழும்.

மேஜரான பெண்ணிடம் நீதிபதிகள் முக்கியமாகக் கேட்பது, யாரோடு போக விருப்பம் என்பதைத்தான். ஆனால் வழக்கைக் கூப்பிடும்வரை இரண்டு தரப்பும் வராந்தாவில் அவளைச் சுற்றித்தான் நிற்கும். ஒருமுறை நான் கூட்டிப்போன பெண்ணின் காலை அவள் அம்மா கட்டிக்கொண்டு விடவே இல்லை. அண்ணன் வாயே திறக்கவில்லை. ஆஸ்பத்திரிக் கட்டிலில் கிடந்த அப்பாவின் படத்தைப் போனில் வைத்து, அவள் முகத்துக்கு நேரே நீட்டிக்கொண்டே இருந்தான். வழியெல்லாம் "அவர்கூடத்தான்க்கா போவேன்" என்று என்னிடம் சொல்லிக்கொண்டு வந்தவள், உள்ளே போய் "அம்மாவோட போறேன்" என்றாள். யாரும் அடிக்கவில்லை, மிரட்டவில்லை. பதிவேட்டில் அது அவளுடைய சொந்த விருப்பம்! அவளைத் தனியாக உட்கார வைக்கலாமா என்று முன்பே அதிகாரியிடம் கேட்டிருந்தேன். "பெத்தவங்க பேசக் கூடாதா?" என்று கேட்டுவிட்டுப் போய்விட்டார்.

கேரளத்தின் ஹாதியா வழக்கும் அப்பா போட்ட ஆட்கொணர்வு மனுதான். 24 வயதுப் பெண்ணின் திருமணத்தையே 2017இல் உயர் நீதிமன்றம் செல்லாது என்றது; அவள் மாதக்கணக்கில் பெற்றோர் வீட்டுக்குள் இருந்தாள். 2018 மார்ச்சில்தான் உச்ச நீதிமன்றம் அந்தத் தீர்ப்பை ரத்து செய்தது. அப்புறம் 2024 மார்ச்சில் தேவு ஜி. நாயர் வழக்கில் தெளிவாகவே வழிகாட்டுதல் கொடுத்தார்கள்: நீதிபதிகள் தங்கள் அறையில் அந்த நபரிடம் தனியாகப் பேச வேண்டும், அடைத்து வைத்ததாகச் சொல்லப்படுபவர்கள் பக்கத்தில் இருக்கக் கூடாது, கவுன்சலிங் என்ற பெயரில் மனதை மாற்றப் பார்க்கக் கூடாது. அந்த அறைக்குள் போவதற்கு முந்தைய நேரத்தைக் காப்பாற்ற வேண்டியது போலீஸ்தான்.

கணவர்கள் போடும் மனு வேறு ரகம். மனைவி தானாகத்தான் தாய்வீடு போனாள் என்று தெரிந்தே, அடைத்து வைத்திருப்பதாக எழுதித் தருகிறார்கள். சேர்ந்து வாழ வேண்டுமென்றால் இந்து திருமணச் சட்டத்தின் 9ஆவது பிரிவு இருக்கிறது, குடும்ப நீதிமன்றம் போகட்டும். கைக்குழந்தையோடு அவளை வேனில் ஏற்றிக் கொண்டுவரும் வேலை எங்களுக்கு எதற்கு?

ஒவ்வொரு மாவட்டக் கண்காணிப்பாளரும் ஒரு சுற்றறிக்கை அனுப்பினால் போதும். ஹெச்.சி.பி.யில் ஆஜராகும் பெண்ணை, வழக்கைக் கூப்பிடும்வரை ஒரு பெண் காவலர் துணையோடு தனி அறையில் உட்கார வைக்க வேண்டும். பெற்றோர், கணவர், வக்கீல், விசாரணை அதிகாரி யாரும் அதற்குள் நுழையக் கூடாது.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற மகளிர் தலைமைக் காவலர்,
மதுரை