நிலையாமையை நம்பும் இனத்தையும் அழ விடுங்கள்: கற்பனை உலகம் படைப்பவர்களுக்கு ஒரு திறந்த மடல்

மாயாஜாலக் கதை எழுதுகிற, அந்த மாதிரி விளையாட்டுகளுக்கு உலகம் உருவாக்குகிற நண்பர்களுக்கு,

வணக்கம். ஒரு வேண்டுகோள், நேராகவே சொல்லிவிடுகிறேன். "எதுவும் நிலையில்லை" என்று நம்புகிற ஓர் இனத்தை உங்கள் உலகத்தில் வைக்கும்போது, தயவுசெய்து அவர்களுக்கு அழத் தெரியாது என்று எழுதாதீர்கள்.

எத்தனை தடவை படித்துவிட்டேன் தெரியுமா? மலைமேல் ஓர் இனம், எல்லாருக்கும் மெலிந்த உடம்பு, வெளிறிய உடை, மெதுவான பேச்சு. பிள்ளை செத்தால் புன்னகைக்கிறார்கள். வீடு எரிந்தால் "எரிவதற்குத்தானே கட்டினோம்" என்கிறார்கள். நாயகன் அங்கே போய் மூன்று அத்தியாயம் தங்கி, இழப்பைத் தாங்கக் கற்றுக்கொண்டு திரும்புகிறான், அவன் போன பிறகு அந்த இனத்துக்குக் கதையில் வேலையே இல்லை. என் அம்மா இறந்த சில வாரங்களில் அப்படி ஒரு கதை கையில் கிடைத்தது. பாதியில் மூடி வைத்துவிட்டேன். எல்லாம் போகும் என்று எனக்கும் தெரியும், ஆனால் அந்தப் புன்னகையை என்னால் நம்ப முடியவில்லை.

நானும் இப்படி ஓர் இனத்தை ரொம்ப நாளாக எழுதிக்கொண்டிருக்கிறேன். பேர் நுரையர். ஆறு கடலில் கலக்கிற சேற்று வெளியில் இருக்கிறார்கள். வருஷத்துக்கு இரண்டு தடவை பெரிய ஓதம் (கடல் பெருக்கு) ஏறி வரும், மண் வீடெல்லாம் கரைந்துவிடும், தண்ணீர் வடிந்ததும் மறுபடி கட்டுவார்கள். முதலில் எழுதியபோது நானும் அவர்களைப் புன்னகைக்கத்தான் வைத்தேன். வரைபடம், சடங்கு, மூன்று பக்கத் தத்துவம் எல்லாம் இருந்தது, ஒருத்தருக்கும் உயிர் இல்லை. அப்புறம் ஒரு சின்னக் கேள்வி கேட்டுப் பார்த்தேன்: பிள்ளையின் உயரத்தைச் சுவரில் கீறி வைப்போமே, கரையப்போகிற சுவரில் இவர்கள் அதை என்ன செய்வார்கள்?

கீறத்தான் செய்வார்கள். ஓதத்துக்கு முந்தின ராத்திரி அம்மா விளக்கோடு உட்கார்ந்து, தரையிலிருந்து அந்தக் கீறல் வரைக்கும் சாண் போட்டு அளக்கிறாள். ஐந்து சாண், இரண்டு விரல். அதைப் பிள்ளையைத் திரும்பத் திரும்பச் சொல்லவைக்கிறாள். புது வீட்டுச் சுவர் காய்வதற்குள், அந்த ஈரத்திலேயே, அதே அளவில் முதல் கீறல் விழுந்தாக வேண்டும். ஒரு வருஷம் அம்மா இல்லை. அத்தை அளக்கிறாள், அத்தையின் சாண் கொஞ்சம் சின்னது, கீறல் கீழே வந்துவிடுகிறது. "நான் இவ்வளவு குட்டை இல்லை, அழிச்சிட்டு மறுபடி அளங்க அத்தை" என்று பிள்ளை கத்துகிறது, கத்திக்கொண்டே அழுகிறது. மறுபடி எத்தனை தடவை அளந்தாலும் அங்கேதான் வந்து நிற்கிறது.

அதை எழுதிய அன்றுதான் நுரையர் எனக்குப் பிடிபட்டார்கள். எதை விடலாம், எதை என்ன பாடுபட்டாவது அடுத்த வீட்டுக்குக் கொண்டுபோக வேண்டும் என்பதில்தான் அவர்களுடைய சண்டை, பாட்டு, சட்டம் எல்லாமே இருக்கிறது. கடனையே எடுத்துக்கொள்ளுங்கள். ஓதம் வந்தால் கடன் கழிந்தது என்று ஒரு சட்டம் வைத்தால், கடைசி மாதத்தில் யார் யாருக்குக் கொடுப்பார்கள்? பகையும் அப்படியே கரைந்துவிடும் என்றால், முந்தின நாள் பழி தீர்க்க அலைகிறவன் ஒருவனாவது இருப்பான்.

நிஜ உலகத்தைப் பார்த்தாலும் அப்படித்தான். ஜப்பானில் இசே கோயிலை 20 வருஷத்துக்கு ஒரு முறை பக்கத்து நிலத்தில் புதிதாகக் கட்டுகிறார்கள், பழையதைப் பிரித்துவிடுகிறார்கள். ஏழாம் நூற்றாண்டின் கடைசியில் தொடங்கியது, போர்க்காலத்தில் நீண்ட நாள் நின்றுபோய் மறுபடி தொடர்ந்து, 2013-ல் 62-வது முறை நடந்தது. மரம் போகிறது, ஆனால் இளவயதில் கையாளாக நின்று பார்த்த தச்சர் அடுத்த முறை தானே செய்கிறார், அதற்கடுத்த முறை நின்று சொல்லிக்கொடுக்கிறார். இவ்வளவு உழைப்பும் பிடிவாதமும் இருக்கிற இடத்தில் அந்த மலைமேல் புன்னகை எங்கே பொருந்தும்?

மடகாஸ்கரில் லபோர்டு பச்சோந்தி என்று ஒன்று இருக்கிறது. வருஷத்தில் எட்டொன்பது மாதம் முட்டைக்குள்ளேயே கிடக்கும். குஞ்சுகள் ஏறக்குறைய ஒரே சமயத்தில் வெளியே வந்து, நாலைந்து மாதத்துக்குள் வளர்ந்து, முட்டையிட்டு, பெரும்பாலும் செத்தும் போகின்றன. அம்மாவை எந்தக் குஞ்சும் பார்ப்பதில்லை. இதை வைத்து ஓர் இனம் செய்வதென்றால் தத்துவம் பிறகு இருக்கட்டும், யாரும் யாருக்கும் வாயால் சொல்லிக்கொடுக்க முடியாத இடத்தில் ஒரு சொல் எப்படி அடுத்த தலைமுறைக்குப் போகும் என்பதுதான் முதல் கேள்வி. எனக்கு இதை நினைத்தாலே தூக்கம் போய்விடுகிறது.

ஈசலையும் சொல்ல வேண்டும். அற்ப ஆயுள் என்றாலே நமக்கு ஈசல்தான் வாயில் வரும். விளக்கடியில் இறகு உதிர்ந்து கிடப்பதை மட்டும் பார்த்துவிட்டுச் சொல்கிறோம். மிகப் பெரும்பாலானவை செத்துத்தான் போகின்றன, சரி. ஆனால் இறகை உதிர்த்த பிறகு தப்பிப்பிழைத்து மண்ணுக்குள் போகிற ஜோடி ஒரு புதுப் புற்றுக்கே ராஜா ராணி ஆகிறது, சில வகைகளில் அந்த ராணி பத்து வருஷத்துக்கு மேலும் இருக்கும். அதன் கணக்கில் அந்த இறகு ஒரு சாயங்கால வேலைக்கான சாமான், அவ்வளவுதான். உங்கள் இனத்தை வெளியிலிருந்து விளக்கடியில் மட்டும் பார்த்து எழுதினால் உதிர்ந்த இறகுதான் கையில் கிடைக்கும்.

கடைசியாக ஒருவரைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். நுரையரில் ஒரு கிழவர், பழைய வீட்டுச் சுவரிலிருந்து ஒரு மண்கட்டியை எண்ணெய்த் துணியில் சுற்றி இடுப்பில் செருகி வைத்திருக்கிறார். அவர்களுடைய வழக்கப்படி கூடவே கூடாது. ஊருக்கே தெரியும், யாரும் கேட்பதில்லை. ஓதத்தன்று தோணியில் ஏறும்போது, அவர் இடுப்பு நனையாதபடி பக்கத்தில் இருப்பவர்கள் தள்ளி உட்கார்ந்து நடுவில் இடம் விடுகிறார்கள்.

உங்கள் இனத்தில் அந்தக் கிழவர் யார், அவருக்கு இடம் விடுகிறவர்கள் யார் என்று முதலில் தேடுங்கள். நாயகனை அப்புறம் அனுப்பிக்கொள்ளலாம்.

அன்புடன்,
நுரையரை இன்னும் எழுதி முடிக்காத ஒருவர்