ஸ்டோர் ரூம்ல கெடச்ச உன் டிவிடி பெட்டி

பாப்பா,

பெர்த்ல குளிர் எப்படி இருக்கு, ஸ்வெட்டர் போடுறியா? போன வாரம் ஸ்டோர் ரூம ஒழிச்சேன். உன் ஓ லெவல் நோட்டுக்கு அடியில அந்த அமெரிக்க டிவி சீரியல் தி ஓசி முதல் சீசன் டிவிடி பெட்டி. 2005ல நீ செகண்டரி ஃபோர் படிக்கிறப்ப நான் புடுங்கி வச்சேனே, அதேதான். தூக்கிப் போட மனசு வரல. அப்பா நைட் ஷிஃப்ட் போனதும் தெனம் ரெண்டு மூணுன்னு 27 எபிசோடையும் பாத்து முடிச்சிட்டேன்.

அப்ப எட்டிப் பாத்தா பார்ட்டியும் பீச்சும்தான் கண்ணுல பட்டுச்சு, பரீட்சை நேரத்துல இது என்ன கூத்துன்னு கத்தினேன். இப்ப முதல் எபிசோடுலயே அழுதுட்டேன். அண்ணன்காரன் கார் திருடுறப்ப கூட இருந்ததால ரயன் மாட்டிக்கிறான், பெத்தவளே வெளிய போன்னுட்டா, வசதியில்லாதவங்களுக்கு அரசாங்கம் குடுக்குற வக்கீல் சாண்டி அவனத் தன் வீட்டுக்கே கூட்டிட்டு வர்றாரு. கடைசியில அவன் ஊரு சீனோல திருப்பி விடப் போனா வீடு காலி, அம்மாக்காரி கெளம்பிப் போயிட்டா. சாண்டி வசனம் ஒண்ணும் பேசல, வா போலாம்னு மட்டும்தான். அத மூணு தடவ போட்டுப் பாத்தேன்மா.

சாண்டி பொண்டாட்டி கிர்ஸ்டன் மொதல்ல பயந்தது எனக்கு நல்லாவே புரிஞ்சுது, வயசுப் பையன் இருக்குற வீடு, முன்னப்பின்ன தெரியாத புள்ள. ஆனா அவதான் அப்புறம் சிறுவர் ஜெயிலுக்கே போய் அவனப் பாத்துக் கூட்டிட்டு வர்றா. கடைசி எபிசோடுல அவன் போனப்புறம் அவன் ரூம்ல பெட்ஷீட்ட எடுத்துட்டு உக்காந்து அழுவா பாரு, நீ பெர்த்துக்கு ஃப்ளைட் ஏறின அன்னைக்கி நானும் உன் கட்டில்ல அப்படித்தான் உக்காந்திருந்தேன், உனக்கு இதச் சொன்னதே இல்ல.

2007 வரைக்கும் நாலு சீசன் வந்தாலும் முதல் சீசன்தான் சீசன்னு நீ அடிச்சுச் சொல்லுவ. எனக்கும் இப்ப அப்படித்தான் தோணுது. இந்தப் புள்ளைக்கு இந்த வீட்டுல எடம் உண்டா இல்லையாங்குற ஒரே கேள்வி முழுக்க ஓடுது, அதுக்கப்புறம் அவன் வீட்டுப் புள்ளையாயிட்டான், கதைய நகத்த புதுசு புதுசா ஆளும் வம்பும் கொண்டுவர வேண்டியதாப் போச்சு. இதுல பெத்தவங்களும் சும்மா திட்டுறதுக்குன்னு வச்ச ஆளுங்க இல்ல, கிச்சன்ல நின்னு சண்ட போட்டு, அங்கயே சமாதானமாயிடுறாங்க.

ஒண்ணு கேக்கணும். நம்ம ஈசூன் வீட்டுக்கு அந்த எபிசோடெல்லாம் பாக்க வருவாளே உன் கூட்டாளி, வீட்டுல தெனமும் சண்டன்னு சொல்லுவ. ஒரு நாள் ராத்திரி ஒம்பது மணிக்கு, நாளைக்கு ஸ்கூல் இருக்குல்ல கெளம்புன்னு நான்தான் அனுப்பினேன். அவ லிஃப்ட் பட்டன அமுக்காம ரொம்ப நேரம் நின்னா, நான் கேட்டு வழியா பாத்துட்டே கதவ சாத்திட்டேன். ஹால்ல ஒரு மெத்த விரிச்சிருக்கலாம்.

அவகூட இன்னும் பேசுறியா? தீபாவளிக்கு வரப்ப அவளையும் கூட்டிட்டு வா, ராத்திரி தங்குற மாதிரி வரச் சொல்லு.

அம்மா