பாதுகாப்பு கேட்க உயர் நீதிமன்றம் வரை போக வேண்டுமா?

ஆசிரியர் அவர்களுக்கு,

போலீஸ் பாதுகாப்பு கேட்டு உயர் நீதிமன்றத்துக்கு வருபவர்களில், பந்தாவுக்காகத் துப்பாக்கி ஏந்திய காவலர் கேட்பவர்களை விட்டுவிடுவோம். காதல் திருமணம் செய்த ஜோடியும், நிலத்தை அளக்க வரும் சர்வேயருக்குத் துணை கேட்கும் விவசாயியும் முதலில் ஏறி இறங்குவது உள்ளூர் காவல் நிலையம்தான். மனுக்கட்டில் இருக்கும் சிஎஸ்ஆர் ரசீதும் (புகாரைப் பெற்றதற்குக் காவல் நிலையம் தரும் சீட்டு), எஸ்பி அலுவலக முத்திரை விழுந்த தபால் ஒப்புகை அட்டையுமே அதற்குச் சாட்சி. நீதிமன்றமும் பல நேரம், 'மனுவைப் பரிசீலித்துச் சட்டப்படி நடவடிக்கை எடுங்கள்' என்று அதே போலீசாரிடமே திருப்பி அனுப்புகிறது. இதற்கா வக்கீல் ஃபீசும் அலைச்சலும்?

சாதி மறுத்து மணந்தவர்களுக்காக மாவட்டந்தோறும் எஸ்பி, சமூக நல அலுவலர், ஆதிதிராவிடர் நல அலுவலர் கொண்ட சிறப்புப் பிரிவும், 24 மணி நேர உதவி எண்ணும் வேண்டும் என்று சக்தி வாஹினி என்ற தொண்டு நிறுவனம் ஆணவக் கொலைகளைத் தடுக்கக் கோரித் தொடுத்த வழக்கில் உச்ச நீதிமன்றம் 2018-லேயே உத்தரவிட்டது. அந்த எண் எத்தனை காவல் நிலையச் சுவர்களில் கண்ணில் படுகிறது?

பாதுகாப்பு தந்தாலும் மறுத்தாலும், காரணத்தோடு குறித்த நாளுக்குள் எழுத்தில் பதில் தர வேண்டும் என்று டிஜிபி ஒரு சுற்றறிக்கை அனுப்பட்டும். பாதி மனுக்கள் கோர்ட் படியே ஏறாது.

– ஒரு வக்கீல் குமாஸ்தா