காப்பிக்கு ரேஷன், தலையில் கிரீடம்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

போருக்குப் பிந்தைய ஃபின்லாந்து சினிமா பற்றிச் சென்ற இதழில் வந்த கட்டுரையைப் படித்தேன். நல்ல கட்டுரைதான். ஆனால் 1952-இல் பிரபஞ்ச அழகிப் பட்டம் வென்ற ஆர்மி கூசெலாவை ஹாலிவுட் மோகம் என்று ஒரே வரியில் ஓரங்கட்டியதை ஏற்க மனம் வரவில்லை.

அந்த ஆண்டு அந்த நாடு இருந்த இருப்பைக் கொஞ்சம் பாருங்கள். சோவியத் யூனியனுக்கு 30 கோடி டாலர் போர் இழப்பீட்டைக் கப்பலாகவும் இயந்திரமாகவும் கட்டி அனுப்பிக்கொண்டிருந்தார்கள். கடைசிச் சரக்கு எல்லை தாண்டியது செப்டம்பரில்தான். காப்பிக்கு 1954 வரை ரேஷன். காப்பி இல்லாமல் பொழுது விடியாத ஊர் வேறு! இந்த நிலையில், மூஹோஸ் என்ற சிற்றூரில் பிறந்த 17 வயதுப் பெண் ஒருத்தி, ஜூன் மாதம் கலிபோர்னியாவில் உலகத்தையே ஜெயித்துவிட்டாள். மூன்று வாரத்தில் ஹெல்சிங்கியில் ஒலிம்பிக். நாடே தலைகால் புரியாமல் ஆடாமல் என்ன செய்யும்? இன்னொன்று. அவர் தலையில் வைத்தது ரஷ்ய ஜார் குடும்பத்து மணக்கிரீடம் என்று சொல்வார்கள். 1917 வரை ஃபின்லாந்தை ஆண்டவரே அந்த ஜார்தான்.

மறு வருஷமே வெயிக்கோ இட்கோனென் 'உலகின் மிக அழகான பெண்' என்று படம் எடுத்தார். ஆர்மியாக நடித்தவர் ஆர்மியேதான். அதைக் கலைப்படத்தின் தராசில் நிறுத்துவானேன்? சனங்கள் டிக்கெட் வாங்கியது நடிப்பைப் பார்க்கவா? நம்ம வீட்டுப் பெண் ஜெயித்ததை இன்னொரு தடவை கண்ணால் பார்க்கத்தானே! அப்புறம் அதே வருஷம் அந்தப் பெண் பதவிக்காலம் முடியும் முன்பே கிரீடத்தைத் துறந்து, பிலிப்பைன்ஸ்காரர் ஒருவரை டோக்கியோவில் கல்யாணம் செய்துகொண்டார். ஹாலிவுட் மோகம் பிடித்தவர் செய்கிற காரியமா இது?

இன்னொரு குறை. நீச்சலுடைக் கம்பெனி ஒன்று நடத்திய அந்த முதல் போட்டியில் இந்தியாவின் சார்பில் நின்றவர் இந்திராணி ரஹ்மான். சென்னையில் பிறந்தவர், சொக்கலிங்கம் பிள்ளையிடம் பரதம் பயின்றவர். அவரைப் பற்றிக் கட்டுரையில் ஒரு வார்த்தை இல்லை. அடுத்த இதழிலாவது ஒரு பெட்டிச் செய்தி போடுங்கள். படம் கிடைத்தால் இன்னும் நல்லது.

இப்படிக்கு,
நெடுநாள் வாசகன்,
மயிலாடுதுறை