ராமவர்மா என்றால் எந்த ராமவர்மா?

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். குமரி இணைப்பு நாள், கோயில் கொடை, பள்ளி நூற்றாண்டு என்று ஏதாவது ஒன்றையொட்டி நம் மாவட்டத்தில் சிறப்பு மலர்கள் வந்துகொண்டே இருக்கின்றன. திருவிதாங்கூர் மன்னர் ஒருவராவது இல்லாத மலர் அபூர்வம். ஆர்வத்தைக் குறை சொல்வதற்கில்லை. ஆனால் பெயர், ஆண்டு, பணம் இந்த மூன்றிலும் அதே தவறுகள் மலருக்கு மலர் தாவுகின்றன. ஒருவர் எழுதியதைப் பார்த்து அடுத்தவர் எழுதுவதால் வரும் வினை.

பெயரிலிருந்து தொடங்கலாம். திருவிதாங்கூரின் கடைசி மன்னர் சித்திரைத் திருநாள் என்றதும் சித்திரை மாதம் பிறந்தவர் என்று எழுதிவிடுகிறார்கள். அது மாதமல்ல, பிறந்த நட்சத்திரம். அவர் பிறந்தது 1912 நவம்பர் 7, அதாவது ஐப்பசியில். அவர் பிறந்தநாளையொட்டிய சித்திரை ஆட்டத் திருநாளுக்குச் சபரிமலை நடை ஐப்பசியில்தான் திறக்கிறது என்பது மலைக்குப் போகிறவர்களுக்குத் தெரியும். வேடிக்கை என்னவென்றால், சித்திரை மாதத்தில் பிறந்தவர் சுவாதித் திருநாள் (1813 ஏப்ரல் 16).

நட்சத்திரத்தை விட்டுவிட்டால் ஆளையே பிடிக்க முடியாது. கார்த்திகைத் திருநாள் (ஆட்சி 1758–1798), சுவாதி (1829–1846), ஆயில்யம் (1860–1880), விசாகம் (1880–1885), மூலம் (1885–1924) ஐந்து பேருமே ராமவர்மாதான். பழைய ஓலையில் 'ராமவர்ம மகாராஜா' என்று மட்டும் இருந்தால், ஆண்டைப் பார்க்காமல் வாய் திறக்கக் கூடாது. மார்த்தாண்ட வர்மாவில் குழப்பம் இன்னும் மோசம். குளச்சலில் டச்சுக்காரரை முறியடித்தவர் அனிழம் திருநாள், ஆட்சி 1729–1758. (அனிழம் என்பது நம் அனுஷம்.) நாடார் பெண்கள் மேலாடை அணிய அனுமதித்த தோள்சீலை அறிவிப்பு 1859 ஜூலை 26இல் வந்தபோது ஆண்டவர் உத்திரம் திருநாள் மார்த்தாண்ட வர்மா, 1846–1860. தோள்சீலைக் கட்டுரைக்குக் குளச்சல் வெற்றி வீரரின் படத்தைப் போட்டால், இறந்து நூறாண்டு ஆனவரை எழுப்பி உட்கார வைத்ததாகிவிடும். இன்னொன்று: கார்த்திகைத் திருநாள் அனிழம் திருநாளின் மகனல்ல, பெண்வழி மருமகன். சகோதரியின் பிள்ளைகளுக்கு உரிமை போகும் மருமக்கள் வழியில் வாழ்ந்த வெள்ளாளர் இருந்த நாஞ்சில் நாட்டிலேயே இதை 'மகன்' என்று அச்சடிப்பதுதான் ஆச்சரியம்.

அடுத்தது கொல்லம் ஆண்டு, அதாவது பழைய ஓலையிலும் கல்லிலும் உள்ள திருவிதாங்கூர் ஆண்டுக் கணக்கு. பாதிப் பிழைகள் இங்கேதான். அதை ஆங்கில ஆண்டாக்க 825 கூட்ட வேண்டும் என்று சிலர், 824 என்று சிலர். இரண்டும் சரி, இரண்டும் தவறு. திருவிதாங்கூரில் கொல்லம் ஆண்டு ஆவணியில் பிறக்கிறது, சித்திரையில் அல்ல. அதனால் ஒரு கொல்லம் ஆண்டு இரண்டு ஆங்கில ஆண்டுகளில் கால் வைக்கிறது. ஆவணி முதல் கார்த்திகை வரை 824 கூட்டுங்கள். தை முதல் ஆடி வரை 825. மார்கழி மட்டும் நடுவில் நிற்கும். அதன் பிற்பாதியில் ஜனவரி பிறந்துவிடுவதால் தேதியையும் பார்க்க வேண்டும்.

ஆலயப் பிரவேச அறிவிப்பு 1112 ஐப்பசி 27. ஐப்பசி என்பதால் 824 கூட்ட 1936 நவம்பர் 12 சரியாக வருகிறது. நாட்டைப் பத்மநாப சுவாமிக்கு ஒப்படைத்த திருப்படிதானம் 925 தை 5. இங்கே 825 கூட்ட 1750. குளச்சல் போர் 916 ஆடி. மாதம் பாராமல் 824 கூட்டினால் 1740 என்று வந்து நிற்கும். மூத்தவர்கள் சொல்லும் 'தொண்ணூற்றொன்பது வெள்ளம்' 1099இல் வந்தது, அதாவது 1924. அதை 1899 என்று போட்டவர்களும் உண்டு.

இதிலேயே ஒளிந்திருக்கும் பொறி ஒன்று. ஒரு குடும்பத்தில் 1010 ஆவணி தேதியிட்ட ஓலையும் 1010 ஆடி தேதியிட்ட ஓலையும் இருந்தால் எது பழையது? சித்திரையில் தொடங்கும் கணக்கில் பழகிய மனம் ஆடியைத்தான் சொல்லும். உண்மையில் ஆவணி ஓலை பதினொரு மாதம் மூத்தது. விற்றவர் யார், வாங்கியவர் யார் என்பதே இதனால் தலைகீழாகும். மாதம் மலையாளத்தில் இருந்தால் சிங்கம் ஆவணி, கன்னி புரட்டாசி என்று ராசி வரிசையாக எண்ணிக்கொள்ளலாம். தேதி மட்டும் சில மாதங்களில் ஒரு நாள் முன்பின்னாகும்.

கல்வெட்டில் ஆண்டு பெரும்பாலும் தமிழ் எண்ணில் இருக்கும். 916 என்பது ௯௱௰௬. பழக்கமில்லாத கண்ணுக்கு அது 'கூளயசு' என்று ஏதோ சொல்போலத் தெரியும். அப்படியே படியெடுத்து 'பொருள் விளங்கவில்லை' என்று எழுதிவிடுவார்கள். பின்னால் ௵ இருந்தால் அது ஆண்டுக் குறி, ஐயமே வேண்டாம். 950 என்பது ௯௱௫௰. கடைசியிலுள்ள ௰ தேய்ந்துபோனால் 905 ஆகிவிடும். நாற்பத்தைந்து ஆண்டு பின்னே போய், தர்மராஜா எனப்பட்ட கார்த்திகைத் திருநாள் காலத்துக் கல் மார்த்தாண்ட வர்மா பட்டமேறிய காலத்துக் கல்லாக மாறிவிடும். வியாழன் எந்த ராசியில் நின்றது என்று அதே கல்லில் இருந்தால் பிழைத்தோம். வியாழன் ஒரு சுற்று வர ஏறக்குறைய 12 ஆண்டு. 905க்கும் 950க்கும் ஒரே ராசி வராது. எழுத்து மங்கலாக இருந்தால் சாக்பீஸ் தேய்க்காதீர்கள், கம்பியால் கீறிப் பார்க்காதீர்கள். இருட்டிய பிறகு டார்ச் விளக்கைக் கல்லோடு ஒட்டினாற்போல் பக்கவாட்டில் பிடித்துப் படமெடுத்தால் பள்ளத்தில் நிழல் விழுந்து எழுத்து எழுந்து நிற்கும். சுத்தம் செய்கிறோம் என்று மணல் பீய்ச்சிய தூணில் அந்த நிழலும் விழாது.

பணக் கணக்கைச் சுருக்கமாகச் சொல்கிறேன். பிற்காலத் திருவிதாங்கூர் வழக்கில் 16 காசு ஒரு சக்கரம், 4 சக்கரம் ஒரு பணம், 7 பணம் ஒரு ரூபாய். ஆக 28 சக்கரம். ஆனால் பிரிட்டிஷ் ரூபாய்க்கு 28 சக்கரம் 8 காசு. பத்திரத்தில் 'பிரிட்டிஷ் ரூபாய் 100' என்றால் அது திருவிதாங்கூர் ரூபாயில் 101 ரூபாய் 22 சக்கரம். இரண்டையும் ஒன்றாக்கிக் கூட்டியதால் கோயில் வரவு செலவு ஒத்துவராமல், பழைய கணக்கப்பிள்ளையைத் திருடனாக்கிய கட்டுரைகளும் உண்டு, பாவம். இதற்கு முந்தைய ராசிப் பணத்துக்கும் கலிப் பணத்துக்கும் இந்த வாய்ப்பாடு செல்லாது.

மலர் தயாரிப்பவர்களிடம் ஒரே வேண்டுகோள். ஆங்கில ஆண்டை மட்டும் போட்டு நிறுத்தாமல், மூலத்தில் உள்ள கொல்லம் ஆண்டு, மாதம், தேதியையும் பக்கத்திலேயே அப்படியே அச்சிடுங்கள். உங்கள் கூட்டல் பிசகினாலும் பின்னால் வருகிறவர் திருத்திக்கொள்வார்.

இப்படிக்கு,
ஒரு வாசகர்,
தக்கலை, கன்னியாகுமரி மாவட்டம்.