நாலைந்து சீவாளியும் ஒரு படக்குறிப்பும்

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

ஞாயிறு இணைப்பில் நரசிங்கம்பேட்டை நாகஸ்வரத்துக்கு முழுப்பக்கம் ஒதுக்கியிருந்தீர்கள். நன்றி. அதில் "ஆற்றங்கரை நாணலை நறுக்கி நூலால் கட்டினால் சீவாளி தயார்" என்று ஒரு வரி. நாகஸ்வரத்தில் வாய் வைத்து ஊதும் அந்தத் துண்டைச் செய்வது அவ்வளவு சுலபமென்றால் தங்கள் நிருபரே வரும் முகூர்த்தத்துக்கு நாலு டஜன் கட்டிக் கொடுக்கலாமே!

நாணலின் இளந்தட்டையை, அதாவது இளந்தண்டை, வெட்டினால் எச்சிலில் ஊறியதும் தொய்ந்துவிடும். முற்றிய தட்டையைத் தேர்ந்து, மாதக்கணக்கில் காயவைத்து, திமிரி என்னும் குட்டை நாகஸ்வரத்துக்கு ஓர் அளவு, பாரி என்னும் நெட்டை நாகஸ்வரத்துக்கு ஓர் அளவு என நறுக்கி, நெல்லோடு அவித்து, மறுபடி உலர்த்திய பிறகுதான் வாய்ப்பக்கம் தட்டையாகும். கெண்டை என்னும் உலோகக் குழலில் செருகும் அடிப்பக்கத்தை அதற்குப் பிறகு நூலால் இறுக்குவார்கள். தடிப்பு கூடினால் கன்னம் வலிக்கும், மேல் ஸ்தாயி பேசாது. மெலிந்தால் சுருதி நிற்காது. காற்றைக் கொஞ்சம் கூட்டினாலே பிளிறும். வாய் அகன்றால் மூச்சு வீண், ஒட்டிக்கொண்டால் ஓசையே இல்லை. அதனால்தான் வித்வான்கள் மாற்றுச் சீவாளி நாலைந்தையும் வாயைத் திருத்தும் ஊசியையும் வாத்தியத்திலேயே தொங்கவிடுகிறார்கள். தங்கள் படக்குறிப்பு அவற்றை "அலங்காரக் குஞ்சங்கள்" என்கிறது.

நாகஸ்வரம் செய்யும் ஆச்சா மரத்தைக் "காட்டில் வெட்டிவந்து உடனே கடைகிறார்கள்" என்பதும் வேடிக்கை. பச்சை மரம் காயும்போது வெடிக்கும். உள்துளை கோணினால் எந்தச் சீவாளி போட்டாலும் சுருதி சேராது. ஆசாரிகள் தேடுவது இடிக்கிற பழைய வீட்டின் தூணையும் உத்தரத்தையும். பழைய வீடுகளும் குறைந்துவருவதுதான் அவர்கள் கவலை. அதை எழுதியிருக்கலாம்.

தாங்கள் அறியாததல்ல. 2022இல் புவிசார் குறியீடு கிடைத்தபோது ஷெனாய் படம் போட்டதும் இதே இணைப்புதான். சுட்டிக்காட்டி எழுதிய கடிதம் என்னவாயிற்றோ! மார்கழியில் சபா அட்டவணைக்கு நாலு பக்கம். நாகஸ்வரத்துக்கு "மங்கல இசையுடன் தொடங்கியது" என்ற அரை வரி. வருடம் ஒருமுறை "அழிந்துவரும் கலை" என்று தலைப்புப் போட மட்டும் தவறுவதில்லை. கல்யாண மண்டபத்தில் ஒலிநாடா போட்டு முகூர்த்தம் முடிப்பவர்களைப் பற்றி ஒரு வார்த்தை வந்ததுண்டா?

கேட்பது இரண்டு வரித் திருத்தம்தான். படக்குறிப்பை மாற்றுங்கள். சீவாளி கட்டுகிற ஊர் பக்கத்திலுள்ள திருவாவடுதுறை. கட்டுரையில் எங்குமே இல்லாத அந்தப் பெயரை, நாகஸ்வர மேதை ராஜரத்தினம் பிள்ளையின் ஊர் என்பதற்காகவாவது, அச்சிடுங்கள்.

இப்படிக்கு,
ஒரு வாசகர்,
திருவிடைமருதூர் வட்டம்.