மாடிப்படிக்குக் கம்பளம் போடவிருக்கும் மகளுக்கு

ஸ்காபரோ

அன்புள்ள மகளுக்கு,

கல்கரியிலிருந்து நீ அனுப்பிய படிக்கட்டுப் படங்களை அம்மாவும் நானும் பெரிதாக்கிப் பார்த்தோம். மரம் நல்ல மரம், மினுக்கமும் குறைவில்லை. ஆனால் எல்லோரும் காலுறையோடு ஏறி இறங்கும் வீட்டில் அந்த மினுக்கமே ஆபத்து என்பதால், சின்னவன் நடக்கத் தொடங்குமுன் கம்பளம் போட்டுவிட வேண்டும் என்று நீ எண்ணுவது சரி. இந்த நாட்டுக்கு வந்த முதல் இரண்டு வருடங்கள் நான் கம்பளம் பதிக்கும் ஒருவரிடம் உதவியாளாக நின்றவன் என்ற உரிமையில் சில விடயங்களை எழுதுகிறேன்.

கம்பளத்தைவிட அதற்கு அடியில் போடும் அண்டர்பேட் பற்றித்தான் எனக்குக் கவலை. நீ தெரிந்தெடுத்திருப்பது படுக்கையறைக்குப் பொருத்தமானது, படிக்கு அல்ல. நம் பழைய வீட்டில் நான் செய்த பிழையும் இதுதான். வேலையில் மிஞ்சிய தடித்த பஞ்சு அண்டர்பேட்டை, மெத்தென்று இருக்குமே என்று படிகளில் போட்டேன். மூன்றாம் வாரமே அம்மா சறுக்கி நான்கு படிகள் கீழே வந்து விழுந்தார். இறங்கும்போது உடலின் பாரம் முழுவதும் படியின் முன்விளிம்பில் விழுகிறது. அங்கே பஞ்சு அமுங்கினால் விளிம்பு உருண்டுவிடும். மரம் முடிந்த பின்னும் படி இருக்கிறது என்று கால் நம்பிவிடும். ஆகவே 3/8 அங்குலத்துக்கு மேற்படாத தடிப்பும், கன அடிக்கு 8 இறாத்தல் அடர்த்தியும் உள்ளதை வாங்கு. கம்பளமும் குட்டை இழையாக, நெருக்கமாக நெய்ததாக இருக்கட்டும்.

தடிப்பைக் குறைக்க இன்னொரு காரணமும் உண்டு. அடுத்தடுத்த இரண்டு படிகளின் உயரத்தில் 5 மில்லிமீட்டருக்கு மேல் வேறுபாடு இருக்கக்கூடாது என்று கனடாவின் தேசியக் கட்டட விதிகள் சொல்கின்றன. கீழ்க்கூடமும் மேல்மாடியும் வெறும் மரமாக இருக்க, படிகளை மட்டும் மூடினால் முதல் ஏற்றம் கூடும், கடைசி ஏற்றம் குறையும். உன் மேல்மாடி நடைபாதையிலும் அதே கம்பளத்தைப் போட்டுவிட்டால் மேலே அந்தச் சிக்கல் தீரும். கீழே எஞ்சுவதை மெல்லிய பொருளால்தான் குறைக்க முடியும்.

அளவுக்கு வருவோம். உன் படியின் ஆழம் விளிம்போடு 11 அங்குலம், ஏற்றம் ஏழரை. மடிப்புக்கும் சேர்த்து ஒரு படிக்கு இருபதரை அங்குலம் வைத்துக்கொள். கம்பளம் 12 அடி அகல உருளையாக வருகிறது. அதில் 7 அடி நீளம் வாங்கி, நெடுக்காக 36 அங்குல அகலத்தில் நான்கு துண்டுகளாக வெட்டினால் ஒவ்வொன்றிலும் நான்கு படிகள் அடங்கும். உன் 13 படிகளுக்கும் போதும், ஓரத்தை வெட்டிச் சீராக்க இரண்டு அங்குலமும் மிஞ்சும். நெடுக்காக என்று நான் அழுத்திச் சொல்வதற்குக் காரணம் இழையின் சாய்வு. கையால் தடவும்போது வழுவழுப்பாகப் போகும் திசை மேலிருந்து கீழாக அமைய வேண்டும். குறுக்கே வெட்டினால் இழை பக்கவாட்டில் சாயும், விளிம்புகளில் சீக்கிரம் தேயும். துண்டுகள் சந்திக்கும் இடம், படியும் அதன் பின்னே செங்குத்தாக நிற்கும் ஏற்றப்பலகையும் கூடும் மூலையாகவே இருக்கட்டும். ஒருபோதும் மிதிக்கும் இடத்தில் மூட்டு வரக்கூடாது.

கீச்சிடும் படிகளை முதலில் திருகாணியால் இறுக்கிவிடு, பிறகு அது முடியாது. கம்பளத்தைக் கவ்விப் பிடிக்கும் கூர்முனைகள் கொண்ட ஆணிப்பட்டையைப் படியின் பின்பக்கத்தில், சுண்டுவிரல் நுனி நுழையும் இடைவெளி விட்டு, ஆணிமுனைகள் ஏற்றப்பலகையை நோக்கிச் சாயும்படி அடிக்க வேண்டும். கையுறை இல்லாமல் அதைத் தொடாதே. அண்டர்பேட் அந்தப் பட்டையின் முன்னிருந்து தொடங்கி விளிம்பைச் சுற்றிக் கீழே இறங்கட்டும். கம்பளத்தைக் கீழ்ப்படியிலிருந்து மேல்நோக்கிப் பதித்துவா. விளிம்பிலிருந்து அதை நேராகத் தொங்கவிடுவோரும் உண்டு. உன் படியின் விளிம்பு வெளியே நீட்டிக்கொண்டிருப்பதால், அதன் அடியில் இறுக மடித்து ஸ்டேப்பிள் கம்பி அடிப்பதே எனக்குப் பிடித்த முறை. வேலை கூடும், ஆனால் அடியில் பொந்து இராது.

இழுத்துப் பொருத்த முழங்காலால் இடிக்கும் ‘நீ-கிக்கர்’ (knee kicker) என்ற கருவியை வாடகைக்கு எடுக்கலாம் என்று மருமகன் சொன்னாராம். அந்தக் கருவியை வருடக்கணக்காக இடித்தவர்களின் முழங்கால்கள் வீங்கிப்போனதைக் கண்டவன் நான். 13 படிகளுக்கு ஒன்றும் ஆகாது என்றாலும், முழங்கால் பட்டை கட்டாமல் அவரை இடிக்க விடாதே.

பூவேலை வேண்டாம், படி எங்கே முடிகிறது என்று கண்ணுக்குத் தெரியாது என்கிறார் அம்மா. விழுந்தவர் அவர், கேட்டுக்கொள். மூலைக்குள் கம்பளத்தைத் திணிக்கும் என் பழைய தட்டை உளி இன்னும் நிலவறையில் இருக்கிறது, வரும்போது பெட்டியில் போட்டுக் கொண்டுவருகிறேன். கடையில் பணம் கட்டுமுன் இழையின் சாய்வு தெரியும்படி ஒரு படம் எடுத்து எனக்கு அனுப்பு.

அன்புடன்,
அப்பா